ரிஷிகுல்யா முகத்துவாரத்துல 10 ராத்திரி

போன வாரம்தான் ஊர் திரும்பினேன், இன்னும் காதுல மணல் இருக்கு. ஒடிசா, கஞ்சம் மாவட்டம், ரிஷிகுல்யா ஆறு கடல்ல சேர்ற இடம். பங்குனி ஆமைங்க (ஆலிவ் ரிட்லி கடலாமை) லட்சக்கணக்குல ஒரே நேரத்துல கரையேறி முட்டை போடறத படம் எடுக்கணும்னு 4 வருஷமா நெனச்சுட்டிருந்து போனேன். அங்க நோட்டுல எழுதி வச்சத தேதி வாரியா போடறேன். கொஞ்சம் நீளம், பொறுத்துக்கோங்க.

பிப்ரவரி 22, 2024, வியாழன். பிரம்மபூர்

மதியம் ஒன்றரைக்கு ஸ்டேஷன்ல இறங்கினோம். நானும் சவுண்ட் தம்பியும் மட்டும்தான், ரெண்டே பேர் யூனிட். ஏழு பேக், அதுல மூணு கேமரா பெட்டி. ஸ்டேஷனுக்கு வெளிய தள்ளுவண்டில பரா, குகுனி சாப்ட்டோம், நம்ம மெதுவடை மாதிரி ஒண்ணு, அது மேல சூடா பட்டாணிக் குழம்பு ஊத்தி, வெங்காயம் தூவி, தையல் இலைத் தொன்னைல குடுக்கறாங்க. ஒரு தொன்னை 25 ரூபா. தம்பி மூணு தொன்னை சாப்ட்டான். கடைக்கார அம்மா எங்க பெட்டிகளப் பாத்து சினிமாவான்னு கேட்டாங்க, ஆமைன்னேன், உடனே தொன்னைய வாங்கி இன்னொரு கரண்டி ஊத்தி "போன வருஷம் வந்துச்சே, எவ்வளவு!"ன்னு ரெண்டு கையையும் விரிச்சுக் காட்டினாங்க.

அந்த விரிச்ச கைய நம்பித்தான் நானும் வந்தேன். 2023ல இந்த ஒரு கரைல மட்டும் 6 லட்சத்துக்கும் மேல ஆமைங்க ஏறுச்சு. ஒடிசால இப்படி மொத்தமா ஏறுற கரை மூணு, கஹிர்மாதா, தேவி ஆத்து முகத்துவாரம், அப்புறம் இந்த ரிஷிகுல்யா. இந்த இடம் ஆராய்ச்சிக்காரங்களுக்குத் தெரிஞ்சதே 1994லதான், ஊர்க்காரங்களுக்கு எப்பவோ தெரியும்.

கெளம்பறதுக்கு முன்னாடி போட்ட செலவுக் கணக்கையும் இங்கயே சொல்லிடறேன், ஏன்னா இந்த வேலைக்கு வரணும்னு எனக்கு மெசேஜ் பண்ற பசங்க முதல்ல கேக்கறது அதத்தான். கேமராவும் லென்ஸும் வாடகை நாளைக்கு 3,500, 12 நாளைக்கு 42,000. தம்பிக்கு நாளைக்கு 1,500 வச்சு 18,000. தங்க, சாப்பிட 9,000. போட்டு ரெண்டு தடவை 4,000. ரயிலும் ஆட்டோவும் 9,000. மொத்தம் 82,000. இது முழுக்க தை மாச முகூர்த்தத்துல ஆறு கல்யாணம் எடுத்த காசு. சேனல் எதுவும் முன்பணம் தர்றதில்ல, சொந்தமா எடுக்கறவங்க எல்லார் நிலைமையும் ஏறக்குறைய இதான், கல்யாணம், கம்பெனிப் படம், ஸ்கூல் ஆண்டு விழா, அதுல மிச்சம் பிடிச்சுத்தான் காட்டுக்கும் கடலுக்கும் போறது.

பிப்ரவரி 23, வெள்ளி

காலைல பத்துக்கெல்லாம் அனுமதிக்காக ஒரு ஆபீஸ்ல போய் உக்காந்தோம். கடிதம் ரெண்டு மாசம் முன்னாடியே வாங்கிட்டேன், ஆனா அதுல ஒரு கையெழுத்து குறையுதாம், கையெழுத்துப் போட வேண்டியவர் மீட்டிங்ல இருக்காராம். சாயந்தரம் நாலரை வரைக்கும் ஒரே பெஞ்சு. அங்க இருந்த கிளார்க் அய்யா ரெண்டு தடவை டீ வாங்கிக் குடுத்தாரு, காசு குடுத்தா வாங்க மாட்டேன்னுட்டாரு, அந்த மனுஷன் மேல எனக்கு ஒரு குறையும் இல்ல. ட்ரோன் கண்டிப்பா கூடாது, வெள்ளை லைட் கூடாது, பிளாஷ் கூடாது, இது மூணும் கடிதத்துலயே இருக்கு, மூணும் சரிதான். கரைல ஒரு பல்பு எரிஞ்சா ஏற வந்த ஆமை அப்படியே திரும்பிப் போயிடும், குஞ்சுங்க கடல விட்டுட்டு வெளிச்சத்தப் பாத்து ரோட்டுக்கு ஊர்ந்து போகும். ஆனா ஒரு கையெழுத்துக்கு ஒரு முழு நாள் போச்சேன்னு வயிறு எரிஞ்சுச்சு, வாடகைக் கேமரா பெட்டிக்குள்ள சும்மா கிடந்தாலும் 3,500 ஓடிட்டேதான் இருக்கும்.

ஆட்டோ பிடிச்சு 30 கிலோமீட்டர் சொச்சம், 700 ரூபா. புருணாபந்தா பக்கத்துல ஒரு மீனவர் வீட்ல ரூம். இந்தப் பக்கத்து மீனவர் ஊர்கள்ல நிறைய பேர் வீட்ல பேசறது தெலுங்கு, அதனால எனக்குத் தெரிஞ்ச அரைகுறைத் தெலுங்கு வச்சு சமாளிச்சேன். எல்லாரும் அக்கான்னுதான் கூப்ட்டாங்க, தெலுங்குலயும் அக்கா அக்காதான், அந்த ஒரு வார்த்தைலயே பாதி வெளியூர்த்தனம் போயிடுச்சு.

ராத்திரிச் சாப்பாடு பக்காளா. தண்ணி ஊத்தி வச்ச பழைய சோறு, தயிர், வறுத்த கருவாடு, பொரிச்ச கீரை, இடிச்ச வடகம். என் பாட்டி வீட்டு ருசி, அங்க கம்பங்கூழோட, இங்க சோத்தோட, அவ்வளவுதான் வித்தியாசம்.

பிப்ரவரி 24, சனி. பௌர்ணமி

நம்ம ஊர்ல இன்னிக்கு மாசி மகம், சாமியெல்லாம் தீர்த்தவாரிக்குக் கடலுக்கு வர்ற நாள். இங்க நான் கடல்லேர்ந்து வர வேண்டியவங்களுக்காக உக்காந்திருக்கேன்.

கரை நெடுக வலைவேலி போட்டிருக்காங்க, நாயும் நரியும் உள்ள வராம இருக்க. ஊர்ப் பசங்க கமிட்டி ஒண்ணு ராத்திரி ராத்திரி ரோந்து சுத்துது, பத்து பதினஞ்சு பேர், பகல்ல மீன்பிடி இல்லன்னா கொத்து வேலை, ராத்திரி இது. அதுல ஒரு தம்பி எங்களுக்குத் துணைக்கு வந்தான், இருபது வயசுதான் இருக்கும், செருப்பில்லாம நடப்பான். மணலோட சூட்ட வச்சே எந்தப் பக்கம் ஏறும்னு சொல்றான்.

பட்டப்பகல் மாதிரி நிலா. கேமராக்கு லைட்டே வேணாம், லென்ஸ முழுசா திறந்து வச்சா அலையோட நுரை வரைக்கும் தெரியுது. ராத்திரி 9லேர்ந்து காலைல 4 வரைக்கும் நடந்தோம், ஒண்ணு கூட ஏறல. பசங்க கவலைப்படல, தெக்கக் காத்து அடிக்கட்டும் அக்கா, அப்புறம் பாருங்கன்னாங்க.

நான் இந்த வேலைக்கு வந்ததே ஒரு பங்குனி ஆமையாலதான். காலேஜ் ரெண்டாவது வருஷம், சென்னைல மாணவர்கள் நடத்தற கடலாமைப் பாதுகாப்புக் குழு ஒண்ணு இருக்கு, 1988லேர்ந்து நடக்குது, நீலாங்கரைலேர்ந்து பெசன்ட் நகர் வரைக்கும் ராத்திரில நடந்து முட்டைகளப் பத்திரமா எடுத்து வைப்பாங்க. அவங்க கூட ஒரு சனிக்கிழமை போனேன். விடியக்காத்தால மூணரை மணிக்கு ஒரே ஒரு ஆமை ஏறுச்சு, என் கைல இருந்தது போன் கேமரா, ஒண்ணுமே பதியல, கருப்பா ஒரு திரை, அலைச் சத்தம். அந்தக் கருப்பு வீடியோவ இன்னும் வச்சிருக்கேன். அதச் சரியா எடுக்கணும்னு தோணினதுதான், எட்டு வருஷம் ஆச்சு.

பிப்ரவரி 25, ஞாயிறு

ஒண்ணும் ஏறல. பகல்ல தூங்கவும் முடியல, ரூமுக்கு மேல தகர ஷீட்.

பிப்ரவரி 26, திங்கள். போட்டு

காலைல 6 மணிக்கு ஒரு பெரியவரோட போட்டுல போனோம், பைபர் போட்டு, 2,000 ரூபா. கரைலேர்ந்து ரெண்டு மூணு கிலோமீட்டர்ல ஆமைங்க ஜோடி ஜோடியா மிதக்குது, முதுகுல வெயில் காயுது, பக்கத்துல போனா ஒரு பெருமூச்சு சத்தம், அப்புறம் முங்கிடும். தம்பி மைக்க தண்ணிக்கு ஒரு அடி மேல பிடிச்சு அந்த மூச்ச மட்டும் அரை மணி நேரம் ரெக்கார்ட் பண்ணினான். கடல் முழுக்க ஆமை இருக்கு, கரைக்குத்தான் வரல.

பெரியவர கேமரா முன்னாடி பேசச் சொன்னேன். முடியாதுன்னுட்டாரு. கோவமா எல்லாம் சொல்லல, எஞ்சின அணைச்சுட்டு, பீடி பத்த வச்சு, நிதானமா சொன்னாரு. வருஷா வருஷம் யாராச்சும் வர்றாங்க, என் போட்டுல ஏறுறாங்க, என் மூஞ்சிய எடுக்கறாங்க, எடுத்தத எனக்குக் காட்டினவங்க ஒருத்தர் கூட இல்ல. எங்க ஓடுது, யார் பாக்கறாங்க, என்னைப் பத்தி என்ன சொன்னாங்க, ஒண்ணும் தெரியாது. நீயும் அப்படித்தானம்மா போவ.

எனக்குப் பதில் வரல. நானும் வால்பாறைல எடுத்த படத்துல வழிகாட்டினவருக்கு லிங்க் அனுப்பறேன்னு சொன்னேன், அனுப்பினேன், அவர்கிட்ட இருந்தது பட்டன் போன். அதுக்கு மேல நான் ஒண்ணும் செய்யல. அந்த ஞாபகம் வந்து தொண்டை அடைச்சுடுச்சு. போறதுக்குள்ள எடுத்தத இந்த ஊர்லயே போட்டுக் காட்டறேன்னு சொன்னேன். அவர் தலையாட்டல, மாட்டேன்னும் சொல்லல.

திரும்பி வந்து முகத்துவாரத்துக்கு வடக்கால 3 கிலோமீட்டர் நடந்தோம், செத்த ஆமை 14 எண்ணினேன். சிலதுக்குக் கண்ணு வெளிய பிதுங்கி இருந்துச்சு. ஆமைக்கு நுரையீரல், நம்மள மாதிரி மேல வந்து மூச்சு வாங்கணும், பெரிய போட்டுங்க இழுத்துட்டுப் போற டிரால் வலைக்குள்ள மாட்டினா மேல வர முடியாது, மூச்சு முட்டிச் சாகும். இங்க நவம்பர் 1லேர்ந்து மே 31 வரைக்கும் முகத்துவாரத்துலேர்ந்து 20 கிலோமீட்டருக்குள்ள மீன்பிடிக்கத் தடை. தடை ஆமைக்கு நல்லது. ஆனா 7 மாசம் வருமானம் அடி வாங்கறது இந்தச் சின்ன போட்டுக்காரங்க வயித்துல, வலைல ஆமைய மூழ்கடிக்கறது பெரும்பாலும் பெரிய டிராலர். படத்துல இந்த ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வைக்காம வெறும் அழகான ஆமைய மட்டும் காட்டினா அது பொய்ப் படம், அதுல நான் உறுதியா இருக்கேன்.

பிப்ரவரி 28, புதன்

சாயந்தரம் காத்து திரும்பிடுச்சு, தெக்கேர்ந்து. பசங்க ஓடி வந்து சொன்னாங்க. ஊரே பரபரப்பா ஆயிடுச்சு, வீட்டம்மா எங்களுக்கு சீக்கிரமே சோறு போட்டு அனுப்பிட்டாங்க, ரெண்டு கேமராவும் ரெடி, எட்டு பேட்டரி சார்ஜ். ஒன்பது மணி வாக்குல நிலா ஏறுச்சு. உப்புக் காத்துல லென்ஸ் மேல படலம் படலமா படியுது, அஞ்சு நிமிஷத்துக்கு ஒரு தடவை துடைச்சேன். பன்னெண்டு, ஒண்ணு, ரெண்டு. டிரைபாட் தலைக்குள்ள மணல் போய் திருப்பறப்பல்லாம் நறநறன்னு சத்தம். மூணு மணிக்குக் காத்து நின்னுடுச்சு.

ஒண்ணும் ஏறல. "தாபேலு ராலேது"ன்னு அந்தத் தம்பி மெதுவா சொன்னான், ஆமை வரல, ஏதோ அவன் தப்பு மாதிரி. அவன் தோள்ல கை வச்சேன். வர்றதும் வராததும் யார் கைலயும் இல்ல. ஏன் வரலன்னு ஆளுக்கொண்ணு சொல்றாங்க, கரை சரிஞ்சு மாறிடுச்சு, தண்ணி சூடு, ஆத்து வாய் நகர்ந்துடுச்சுன்னு.

பிப்ரவரி 29, வியாழன்

பகல்ல ஒரு மெயில். என் புட்டேஜ வாங்கறதா இருந்த இடத்துலேர்ந்து. மொத்தமா ஏறற காட்சி இல்லன்னா தங்களுக்கு இது பயன்படாது, அடுத்த சீசன்ல பாக்கலாம்னு ரெண்டே வரி. படிச்சுட்டு பெட்டிய மூடி வச்சுட்டு ரோட்டோரக் கடைக்கு நடந்து போய் சேனா போடா வாங்கிச் சாப்ட்டேன், பன்னீர சக்கரை போட்டு அடுப்புல கரியக் கரிய வேக வைக்கறது, ஒரு துண்டு 40 ரூபா. தம்பிக்கும் ஒண்ணு. அவன்கிட்ட மெயில் விஷயத்தச் சொன்னேன், பேட்டா பத்திக் கவலைப்படாத, அது தனியா எடுத்து வச்சிருக்கேன்னேன். அவன் அதக் காதுலயே வாங்கல, அக்கா அந்த மூச்சு சத்தம் கேட்டீங்களா, ராத்திரி ஹெட்போன்ல கேளுங்கன்னான்.

பெரிய கம்பெனி சீரீஸ் எடுக்கறவங்க ஒரு காட்சிக்கு மாசக்கணக்குல காத்திருப்பாங்க, இந்த வருஷம் வரலன்னா அடுத்த வருஷமும் ஆள் அனுப்புவாங்க. எங்களுக்கு 10 ராத்திரி. வித்தியாசம் திறமைல இல்ல, எத்தனை நாள் காத்திருக்கக் காசு இருக்குங்கறதுலதான், அதத்தான் யாரும் வெளிய சொல்றதில்ல.

அப்புறம் ஏன் இத விட முடியலன்னு தம்பி கேட்டான். அவனுக்கு ரெண்டு விஷயம் சொன்னேன். குஜராத் கரைல திமிங்கலச் சுறாவ வெட்டறத மைக் பாண்டே 2000ல படமா எடுத்து வெளிய காட்டினாரு, 2001 மே மாசம் அந்த மீன வனவிலங்குச் சட்டத்துல முதல் அட்டவணைல சேத்தாங்க, இந்தியால அப்படிப் பாதுகாப்பு கெடைச்ச முதல் மீன் அதுதான். இன்னொண்ணு நம்ம சென்னைக்காரர், சேகர் தத்தாத்ரி, பள்ளிக்கூட வயசுலயே கிண்டி பாம்புப் பண்ணைல போய் நின்னவர், கர்நாடகால குதிரேமுக்ல இரும்புச் சுரங்கம் அந்தக் காட்டை என்ன பண்ணுதுன்னு 2001ல ஒரு சின்னப் படம் எடுத்தாரு, அந்தச் சுரங்கத்த 2005 முடியறதுக்குள்ள மூடணும்னு 2002ல உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டுச்சு. படம் மட்டுமே செஞ்சதுன்னு சொல்ல மாட்டேன், வழக்கு போட்டவங்க, ஆராய்ச்சி பண்ணவங்க எல்லாரும் இருந்தாங்க. ஆனா கண்ணால பாத்தா ஒரு வார்த்தை கூட வேணாம்னு ஆகற இடம் ஒண்ணு இருக்கே, அதுக்காகத்தான்.

மார்ச் 1, வெள்ளி ராத்திரி

பதினோரு மணிக்கு அப்புறம்தான் நிலா வந்துச்சு, தேஞ்ச நிலா. பன்னெண்டரை இருக்கும். முன்னாடி போன ஊர்த் தம்பி சட்டுனு குந்திட்டான், கைய பின்னாடி நீட்டி நிக்கச் சொன்னான். அலை ஒதுங்கினப்போ கரைல ஒரு கருப்பு மேடு மட்டும் மிச்சம் நின்னுச்சு.

ஒரே ஒரு ஆமை.

நாங்க படுத்துட்டோம். அது ரெண்டு எட்டு வைக்கும், நிக்கும், ஒரு மூச்சு வாங்கும், தண்ணிக்குள்ள அவ்வளவு லேசா மிதந்த உடம்பு 40 கிலோவுக்கு மேல, அத்தனையையும் துடுப்புக் காலால இழுக்கணும். மேட்டு மணலுக்கு வந்து முன்னங்காலால வாரி வாரிப் போட்டு ஒரு பள்ளம் பண்ணிக்கிச்சு. அப்புறம் பின்னங்கால். அத எத்தனை தடவை பாத்தாலும் எனக்கு ஆச்சரியம் தீராது, ஒரு பின்னங்கால் கிண்ணம் மாதிரி குவிஞ்சு மணல அள்ளி ஓரமா வைக்கும், அப்புறம் மறு கால், மாத்தி மாத்தி, கண்ணால பாக்காமலே ஒன்றரை அடி ஆழத்துக்கு ஒரு குடம் மாதிரி தோண்டிடும். முட்டை விழ ஆரம்பிச்சா அதுக்கப்புறம் அது அசையாது, அதுவரைக்கும் கிட்டப் போகக் கூடாது. முட்டை விழுதுன்னு தம்பி விரல் காட்டினதுக்கு அப்புறம் பின்பக்கமா ஊர்ந்து போனேன். ரெண்டு ரெண்டா, மூணு மூணா விழுது, பிங்பாங் பந்து மாதிரி, மேல ஒரு வழவழப்பு. 100 வரைக்கும் எண்ணினேன், அப்புறம் விட்டுப் போச்சு. கண்ணுலேர்ந்து கெட்டியா தண்ணி வழியுது, உடம்புல சேர்ற உப்ப அது அப்படித்தான் வெளியேத்துதுன்னு படிச்சுத் தெரியும், ஆனாலும் நேர்ல பாக்கறப்போ பிரசவ வார்டு ஞாபகம்தான் வந்துச்சு.

மூடினதுக்கு அப்புறம் அது ஆடும். வலப்பக்கம், இடப்பக்கம், வலப்பக்கம்னு வயித்து ஓட்டால மண்ணத் தட்டித் தட்டி இறுக்கும். தொம், தொம், தொம்னு. மணல்ல காத வச்சா உடம்புக்குள்ள கேக்கும். சவுண்ட் தம்பி மைக்க மணல் மேலயே படுக்க வச்சு அவனும் பக்கத்துல படுத்துட்டான், ஹெட்போன ஒரு பக்கம் கழட்டி அந்த ஊர்த் தம்பி காதுல வச்சான். பொறந்ததுலேர்ந்து இந்தக் கரைலயே நடக்கற பையன், இப்படிக் கேட்டதில்லன்னு அவன் மூஞ்சில தெரிஞ்சுது.

மொத்தம் 50 நிமிஷம். திரும்பி ஒரு தடவை கூட பாக்காம கடலுக்குப் போயிடுச்சு. பசங்க வந்து அந்த இடத்துல ஒரு குச்சி நட்டு, சுத்தி வலை கட்டினாங்க.

மார்ச் 3, ஞாயிறு

நேத்தும் ஒண்ணும் ஏறல. இன்னிக்கு கடைசி ராத்திரி, கரைக்குப் போகாம ஊர்ல இருந்தேன். கமிட்டிப் பசங்க பள்ளிக்கூடத்துலேர்ந்து புரொஜெக்டர் கேட்டு வாங்கிட்டு வந்தாங்க, வீட்டம்மா ஒரு வெள்ளை வேட்டிய சுவத்துல ஆணி அடிச்சுக் கட்டினாங்க. அறுபது எழுபது பேர் இருக்கும், பொரி வறுத்து வெங்காயம், பச்சை மிளகா, கடுகெண்ணெய் போட்டு ஒரு பெரிய அண்டால கலந்து எல்லாருக்கும் பேப்பர்ல மடிச்சுக் குடுத்தாங்க, என்கிட்ட காசு வாங்கல.

எடிட் பண்ணாத 40 நிமிஷம். கடல்ல அந்த மூச்சு. செத்த 14, அது ஓடறப்போ யாரும் பேசல. ரோந்து போற பசங்க கால். அப்புறம் அந்த ஒரு ஆமை, முழுசா. தொம் தொம் சத்தம் ஸ்பீக்கர்ல வந்ததும் சின்னப் பிள்ளைங்க எல்லாம் தரையத் தட்ட ஆரம்பிச்சிடுச்சுங்க.

பெரியவர் கடைசில சுவர் ஓரமா நின்னு பாத்தாரு. முடிஞ்சதும் பக்கத்துல வந்து, இதுல டிராலர் இல்லியேன்னாரு. இல்ல, எடுக்க முடியலன்னேன். நாளைக்குக் காலைல நாலு மணிக்கு வா, எங்க நிக்கும்னு எனக்குத் தெரியும்னாரு.

மார்ச் 4, திங்கள்

போனோம். ரெண்டாவது 2,000 அவர் வாங்கவே இல்ல, டீசலுக்கு மட்டும் 600 எடுத்துக்கிட்டாரு. தூரத்துல டிராலர் ஒண்ணு லைட்ட அணைச்சுட்டு நின்னுச்சு, டெலி லென்ஸ்ல வலை ஏத்தறது வரைக்கும் தெரிஞ்சுது. திரும்பறப்போ அவரே கேமராவப் பாத்துப் பேசினாரு, 22 நிமிஷம், தெலுங்குல, எனக்குப் பாதிதான் புரிஞ்சுது, இப்பதான் ஒரு நண்பர் உக்காந்து தமிழ்ல எழுதிக் குடுத்துட்டு இருக்காரு.

மதியம் பிரம்மபூர்ல ரயில் ரெண்டரை மணி நேரம் லேட். அந்தக் கடைக்கார அம்மாகிட்ட மறுபடி பரா சாப்ட்டோம். வந்துச்சான்னு கேட்டாங்க. ஒண்ணு வந்துச்சுன்னு விரலக் காட்டினேன்.

மார்ச் 12, செவ்வாய். சென்னை

இன்னிக்குக் காலைலயும் ஊர்த் தம்பிக்குப் போன் பண்ணினேன். ராலேது அக்கா. இன்னும் இல்ல. குச்சி இருக்கான்னு கேட்டேன், இருக்கு, பெரியவர் தினம் போட்டு கட்டறதுக்கு முன்னாடி அந்தப் பக்கமா ஒரு நடை போய்ப் பாத்துட்டு வர்றாராம்.

முட்டை பொரிய 45லேர்ந்து 55 நாள். மார்ச் 2லேர்ந்து எண்ணினா ஏப்ரல் 16க்கு மேல. சித்திரை ஒண்ணாம் தேதி கெளம்பற ரயில்ல ரெண்டு ஸ்லீப்பர் போட்டாச்சு. பங்குனில முகூர்த்தம் மூணு ஒத்துக்கிட்டிருக்கேன், அதுல கேமரா வாடகை வந்துடும்.